முப்பத்திரண்டு அறமும் ஒரு பேத்தியின் விருப்பமும்

‘நந்தி கல்யாணம் பார்த்தால் முந்திக் கல்யாணம்’ என்பது எங்கள் பக்கத்துப் பழமொழி. அரியலூர் மாவட்டத்தில் கொள்ளிடத்தின் வடகரையில் அமைந்துள்ள திருமழபாடியில், பங்குனி மாதம் புனர்பூச நட்சத்திரத்தன்று நந்தியெம்பெருமானுக்கும் சுயசாம்பிகைக்கும் திருமணம் நடைபெறும். வயது வந்த பிள்ளைகளுக்கு நல்ல வரன் அமைய வேண்டும் என்று வேண்டிக்கொண்டு பெரம்பலூர், அரியலூர், தஞ்சை, திருச்சி என எல்லாப் பக்கங்களிலிருந்தும் குடும்பங்கள் வந்து கூடுவார்கள்.

சென்ற பங்குனியில் அடியேனும் போயிருந்தேன். எனக்கு வரன் தேடும் வேலை எதுவும் மிச்சமில்லை. பெரம்பலூரில் தலைமையாசிரியராக இருந்து ஓய்வு பெற்ற என் நண்பர் அழைத்திருந்தார். அழைப்பில் ஒரு காரியமும் கலந்திருந்தது. கல்லூரியில் கடைசி ஆண்டு படிக்கும் அவருடைய பேத்தி, பட்டம் வாங்கியதும் சமூகப் பணியில் மேற்படிப்புப் படிக்கப் போவதாகச் சொல்கிறாள். வீட்டில் யாருக்கும் அது பிடிக்கவில்லை.

“அண்ணா, நீங்கள் முப்பத்தைந்து வருஷம் பேங்கில் இருந்தவர். நீங்கள் சொன்னால் கேட்பாள். தொண்டு செய்வது நல்லதுதான், வேண்டாம் என்று யார் சொன்னது? நல்ல உத்தியோகம் பார்த்துக்கொண்டு, ஓய்ந்த நேரத்தில் செய்யட்டும். தொண்டையே பிழைப்பாக வைத்துக்கொள்வார்களா?” என்று நண்பரின் மனைவி கோபுர வாசலிலேயே என்னிடம் முறையிட்டார்.

‘சொல்கிறேன் அம்மா’ என்று வாக்கும் கொடுத்துவிட்டேன். அந்த வாக்கை ஏன் காப்பாற்ற முடியாமல் போயிற்று என்பதைச் சொல்வதே இந்தக் கட்டுரை. வாசக அன்பர்களில் பலர் வீட்டிலும் இப்படி ஒரு பேரனோ பேத்தியோ இருக்கக்கூடும். அவர்களுக்கு இது பயன்படலாம்.

சம்பந்தி வீட்டம்மாள்

நந்தி கல்யாணத்தில் மாப்பிள்ளை வீட்டார் யார் என்பது அன்பர்கள் அறிந்ததே. சிலாத முனிவர் வேள்விக்காக நிலத்தை உழுதபோது கிடைத்த குழந்தையை, திருவையாற்றில் எழுந்தருளியிருக்கும் ஐயாறப்பர் தம் மகனாகவே ஏற்றார் என்பது தலபுராணம். ஆகவே அன்றைய தினம் ஐயாறப்பரும் அம்பிகையும் நந்தியை அழைத்துக்கொண்டு கொள்ளிடம் கடந்து வருகிறார்கள். மழபாடி வைத்தியநாத சுவாமியும் சுந்தராம்பிகையும் எதிர்கொண்டு வரவேற்கிறார்கள்.

அன்று மாப்பிள்ளைக்குத் தாயாக வரும் அந்த அம்பிகையின் திருநாமம் அறம் வளர்த்த நாயகி.

வேலைக்குப் போய்ச் சம்பளம் வாங்கும் பெண்ணைப் பற்றிய வழக்கைத் தீர்த்து வைக்க வந்த இடத்தில், இந்தத் திருநாமம் காதில் விழுந்ததும் என் மனம் சற்றுத் தடுமாறியது. அம்பிகை வளர்த்த அறங்கள் 32 என்று நம் முன்னோர் பட்டியல் இட்டிருக்கிறார்கள். சிறு வயதில் பாட்டனார் ஒப்பிக்க வைத்தார். பிறகு நான் அந்தப் பக்கமே போகவில்லை. மண்டபத்தில் உட்கார்ந்து ஒவ்வொன்றாக நினைவுபடுத்திப் பார்த்தேன்.

ஆதுலர் சாலை, அதாவது வறியவர்க்கு இல்லம். ஓதுவார்க்கு உணவு. சிறைச்சோறு, அதாவது சிறையில் இருப்பவர்க்கு உணவு. அறவைச் சோறு, ஆதரவற்றவர்க்கு உணவு. மகப்பெறுவித்தல். மகவு வளர்த்தல். மகப்பால் வார்த்தல். அறவைப் பிணம் சுடுதல், அதாவது உற்றார் இல்லாதவரின் இறுதிக் கடன். நோய் மருந்து. கண் மருந்து. பிறர் துயர் காத்தல். தண்ணீர்ப் பந்தல். மடம், தடாகம், சோலை. ஆவுரிஞ்சு தறி என்று பசு உடலைத் தேய்த்துக்கொள்ளக் கல் நடுவது வரைக்கும் பட்டியல் நீள்கிறது.

பேத்தி என் பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள். “நீ படிக்கப் போகும் படிப்பில் என்னம்மா சொல்லித் தருவார்கள்?” என்று கேட்டேன்.

“இரண்டு வருஷம் தாத்தா. எந்தப் பட்டம் வாங்கியவர்களும் சேரலாம். பாடத்தோடு களப்பணியும் உண்டு. சிறுவர் இல்லம், அரசு மருத்துவமனை, மனநலப் பிரிவு, சிறை, கிராமம் என்று அனுப்புவார்கள். முடித்தால் குழந்தைகள் பாதுகாப்பு அலகு, மருத்துவமனைச் சமூகப் பணியாளர், முதியோர் நலம், கிராம மேம்பாடு என்று வேலைகள் இருக்கின்றன” என்றாள்.

நான் விரல் விட்டு எண்ணினேன். மகவு வளர்த்தல், நோய் மருந்து, சிறைச்சோறு, ஆதுலர் சாலை. அவள் புதிதாக எதையும் சொல்லவில்லை. என் பாட்டனார் ஒப்பிக்க வைத்ததையே சொல்லிக்கொண்டிருந்தாள்.

பந்தல் வைத்தவரும் பாத்தி கட்டியவரும்

நம்முடைய நெறியில் தொண்டு என்பது ஓய்ந்த நேரத்து வேலையாக ஒருநாளும் இருந்ததில்லை. திருநாவுக்கரசர் கையில் உழவாரப் படையுடன் ஊர் ஊராக நடந்தார். அதுவே அவருடைய முழு நேர வாழ்க்கை. திங்களூர் அப்பூதியடிகள் நாவுக்கரசரை நேரில் காணும் முன்பே அவர் பெயரில் தண்ணீர்ப் பந்தல் வைத்தார். பக்கத்து மாவட்டத்தில் வடலூரில் வள்ளல் பெருமான் 1867ஆம் ஆண்டு நிறுவிய சத்திய தருமச்சாலையில் அன்று மூட்டிய அடுப்பு இன்றும் அணையவில்லை.

அரசர்களும் அப்படியே. எங்கள் அரியலூர் மாவட்டத்துக் கங்கைகொண்ட சோழபுரத்திற்கு வரும் அன்பர்கள் பெருவுடையாரைத் தரிசித்துவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். அருகில் இருக்கும் பொன்னேரியையும் ஒருமுறை பார்த்து வர வேண்டும். வடக்கே கங்கை வரை வென்ற இராஜேந்திர சோழன், அந்த வெற்றியின் அடையாளமாகக் கல்லில் தூண் எதுவும் நாட்டவில்லை. சோழகங்கம் என்று பேரேரி ஒன்றை வெட்டினான். நீராலான வெற்றித் தூண் என்ற பொருள்பட அதைத் திருவாலங்காட்டுச் செப்பேடு வருணிக்கிறது. கோயிலைக் கட்டியவனே ஏரியையும் வெட்டினான். சாமிக்கு ஒன்று, சனங்களுக்கு ஒன்று என்று அவன் பிரித்துப் பார்த்ததாகத் தெரியவில்லை.

இந்த நாட்டில் சமூகப் பணியை முறையான படிப்பாகக் கற்பிப்பது 1936இல் பம்பாயில் டாட்டா அறக்கட்டளை தொடங்கிய பள்ளியில் ஆரம்பமாயிற்று. சென்னையில் 1952ஆம் ஆண்டு மேரி கிளப்வாலா ஜாதவ் அம்மையாரின் முயற்சியால் ஒரு சமூகப் பணிப் பள்ளி எழுந்தது. அதே 1952இல் காந்தி ஜயந்தி அன்று மத்திய அரசு சமுதாய வளர்ச்சித் திட்டத்தைத் தொடங்கியது. நாம் இன்று ‘பிடிஓ ஆபீஸ்’ என்று சொல்லும் வட்டார வளர்ச்சி அலுவலகங்கள் அதன் வழி வந்தவையே. ஆகவே இது நேற்று முளைத்த படிப்பு அன்று.

ஒரு தாயும் ஒரு மகளும்

பேத்தியிடம் பேசிக்கொண்டிருக்கும்போது இரண்டு பெண்மணிகளின் வரலாறு என் நினைவுக்கு வந்தது. அதைப் பாட்டியாரிடமும் சொன்னேன். அன்பர்களுக்கும் சொல்கிறேன்.

டி.வி.எஸ். நிறுவனத்தைத் தோற்றுவித்த சுந்தரம் ஐயங்காரின் மகள் சௌந்தரம். 1904இல் பிறந்தவர். அக்கால வழக்கப்படி சிறு வயதிலேயே மணமாகி, இளமையிலேயே கணவரை இழந்தார். வைதிகமான வைணவக் குடும்பம். ஆயினும் பெற்றோர் அவரை அறைக்குள் முடக்காமல் டில்லி லேடி ஹார்டிஞ் கல்லூரிக்கு அனுப்பி மருத்துவம் படிக்க வைத்தார்கள். 1936இல் மருத்துவப் பட்டம் பெற்றார். 1940ஆம் ஆண்டு காந்தியடிகளின் ஆசியோடு கேரளத்தைச் சேர்ந்த ஜி. ராமச்சந்திரனை மறுமணம் செய்துகொண்டார். மதுரையில் பெரிய மருத்துவமனை கட்டிக்கொண்டு வசதியாக வாழ்ந்திருக்கலாம். அவர் தேர்ந்தெடுத்தது திண்டுக்கல் அருகே சின்னாளபட்டி. அங்கே ஒரு சிறு மருத்துவ நிலையத்தில் தொடங்கி, 1947இல் கணவரோடு சேர்ந்து காந்திகிராமத்தை நிறுவினார். அது 1976இல் நிகர்நிலைப் பல்கலைக்கழகமாகவும் உயர்ந்தது.

அந்தச் சௌந்தரம் அம்மையாரின் அரவணைப்பில் மதுரையில் தங்கிப் படித்த ஏழைப் பெண் ஒருவர் உண்டு. பெயர் கிருஷ்ணம்மாள். 1926இல், நிலமற்ற பட்டியல் இனக் குடும்பத்தில் பிறந்தவர். தாயின் உழைப்பைக் கண்டு வளர்ந்தவர். வள்ளலாரின் அருட்பாவில் ஊறியவர். பட்டம் பெற்றார். அந்தக் காலத்தில் அவர் பிறந்த சமூகத்தில் ஒரு பெண் பட்டம் பெறுவது என்றால் குடும்பத்துக்கு எவ்வளவு நம்பிக்கை பிறந்திருக்கும்! ஆனால் அவர் சௌகரியமான உத்தியோகத்தைத் தேடிப் போகவில்லை. 1950ஆம் ஆண்டு, வசதியான குடும்பத்தைத் துறந்து காந்திய வழிக்கு வந்த சங்கரலிங்கம் ஜெகந்நாதனை மணந்தார். இருவரும் வினோபா பாவேயின் பூதான இயக்கத்தில் ஊர் ஊராக நடந்தார்கள்.

1968ஆம் ஆண்டு டிசம்பர் 25 அன்று கீழவெண்மணியில் 44 பேர் தீயில் மாண்ட செய்தி கேட்டு, அந்தப் பகுதிக்கே போய்ச் சேர்ந்தார்கள். வந்து ஆறுதல் சொல்லிவிட்டுத் திரும்பவில்லை. அங்கேயே தங்கிவிட்டார்கள். 1981இல் ‘லாஃப்டி’ என்ற சுருக்கப் பெயரால் அறியப்படும், உழுவோருக்கு நிலம் பெற்றுத் தரும் அமைப்பைத் தொடங்கினார்கள்.

அவர்கள் கையாண்ட முறை ஒரு வங்கிக்காரனாகிய எனக்கு மிகவும் நெருக்கமானது. நிலக்கிழாரையும் நிலமற்றவரையும் ஒரே இடத்தில் உட்கார வைத்து விலை பேசுவார்கள். வங்கிக் கடன் பெற்று நிலத்தை வாங்குவார்கள். வாங்கியவர்கள் சேர்ந்து உழைத்துக் கடனை அடைப்பார்கள். தொடக்கத்தில் வங்கிகள் தயங்கின. பத்திரச் செலவும் பெருஞ்சுமையாக இருந்தது. ஒவ்வொரு கதவாகத் தட்டித் திறந்தார்கள். இவ்வாறு சுமார் 13,000 குடும்பங்களுக்குக் குடும்பத்துக்கு ஓர் ஏக்கர் என்ற அளவில் நிலம் கிடைத்தது. 2008இல் மாற்று நோபல் என்று போற்றப்படும் விருது தம்பதியர் இருவருக்கும் வழங்கப்பட்டது. கிருஷ்ணம்மாள் அம்மையாருக்கு 1989இல் பத்மஸ்ரீயும் 2020இல் பத்மபூஷணும் கிடைத்தன.

விருதுகளுக்காக இதைச் சொல்லவில்லை. சௌந்தரம் என்ற மகளைப் பெற்றோர் படிக்க அனுப்பினார்கள். அவர் கிருஷ்ணம்மாள் என்ற மாணவியைப் படிக்க வைத்தார். அந்த மாணவியால் ஆயிரக்கணக்கான குடும்பங்கள் தமக்கென்று நிலம் பெற்றன. முதற் கதவைத் திறந்தது ஒரு வீட்டுப் பெரியவர்கள் எடுத்த முடிவு.

நான் திருப்பி அனுப்பிய பெண்

இனி என் குற்றத்தையும் சொல்லிவிட வேண்டும்.

1990களின் பிற்பகுதியில் செயங்கொண்டம் பக்கத்துக் கிராமம் ஒன்றில் கிளை மேலாளராக இருந்தேன். முந்திரிக்காடும் மானாவாரி நிலமும் நிறைந்த பகுதி. சுய உதவிக் குழுக்களை வங்கியோடு இணைக்கும் திட்டத்தை நபார்டு வங்கி 1992ஆம் ஆண்டு 500 குழுக்களுடன் சோதனையாகத் தொடங்கியிருந்தது. தமிழகத்தில் அதற்கும் முன்பே, 1989இல் தருமபுரியில் இத்தகைய மகளிர் குழுக்கள் உருவாகிவிட்டன. சுற்றறிக்கைகள் என் மேசைக்கு வந்தன. படித்துக் கோப்பில் வைத்தேன்.

ஒரு நாள் சைக்கிளில் ஓர் இளம்பெண் வந்தாள். தொண்டு நிறுவனம் ஒன்றின் களப்பணியாளர். அவளோடு முந்திரிக்கொட்டை உடைக்கும் பெண்கள் பதினேழு பேர். வாரந்தோறும் சேமித்த கணக்கு நோட்டு, தீர்மானப் புத்தகம் எல்லாம் கையில் இருந்தன. ‘இவர்களிடம் அடமானம் வைக்க என்ன இருக்கிறது?’ என்று எனக்குள் ஓர் இளக்காரம். இந்தக் கையெழுத்து இல்லை, அந்தச் சான்று இல்லை என்று மூன்று முறை திருப்பி அனுப்பினேன். அந்தப் பெண்களுக்கு அது மூன்று நாள் கூலி. களப்பணியாளர் முகம் சுளிக்கவில்லை. நான்காவது முறையும் வந்தாள். எல்லாம் சரியாக இருந்தது. கடன் கொடுத்தேன்.

தவணை ஒரு மாதமும் தவறவில்லை. ஒருமுறை குழுவில் ஒருத்தியின் கணவர் இறந்துபோனார். அந்த மாதம் அவளுடைய பங்கை மற்ற பதினாறு பேரும் பகிர்ந்து கட்டினார்கள். அதே சமயத்தில், நிலமும் வீடும் அடமானம் வைத்துப் பெருங்கடன் வாங்கிய பெரிய மனிதர்கள் சிலருக்கு நான் வக்கீல் நோட்டீஸ் அனுப்பிக்கொண்டிருந்தேன்.

ஆண்டிறுதிக் கூட்டத்தில் என் கிளைக்குப் பாராட்டு கிடைத்தது. மேடையில் சால்வை எனக்குப் போர்த்தப்பட்டது. அந்தப் பெண்ணை ஒருநாளாவது உட்காரச் சொல்லி ஒரு தம்ளர் காபி வரவழைத்தேனா என்று யோசித்தால், இல்லை. அவளுடைய மாதச் சம்பளம் எங்கள் கிளையைப் பெருக்கும் பகுதி நேரப் பணியாளரின் ஊதியத்தைவிடக் குறைவு என்பது பிறகு தெரிய வந்தது.

இதைத் திருமழபாடி மண்டபத்தில் சொல்லி முடித்தபோது பேத்தி ஒன்றுதான் கேட்டாள்: “அந்த அக்கா நாலாவது தடவை வராமல் இருந்திருந்தால் என்ன தாத்தா ஆகியிருக்கும்?”

என்னிடம் பதில் இல்லை. பாட்டியாருக்குக் கொடுத்த வாக்கும் அதோடு போயிற்று.

பாட்டியாரின் மூன்று கேள்விகள்

ஆயினும் பாட்டியாரின் அச்சத்தைத் தட்டிக் கழிக்கக் கூடாது. அவர் கேட்டவை மூன்று. சம்பளம் போதுமா? போக வரப் பாதுகாப்பு உண்டா? கல்யாணத்திற்கு இடையூறு ஆகுமா?

சம்பளத்தைப் பற்றி உண்மையைச் சொல்ல வேண்டும். கணினித் துறையில் கிடைப்பது இதில் கிடைக்காது. பல பணியிடங்கள் ஒப்பந்த அடிப்படையில் நிரப்பப்படுபவை. நிதி நின்றால் வேலையும் நிற்கும். ஆனால் என் காலத்துச் சைக்கிள் பெண்ணின் நிலை இன்று அப்படியே இல்லை. சிறார் நீதிச் சட்டத்தின்படி மாவட்டந்தோறும் குழந்தைகள் பாதுகாப்பு அலகு இருக்கிறது. வன்முறைக்கு ஆளான பெண்களுக்கு ஒருங்கிணைந்த சேவை மையம் இருக்கிறது. பெரிய மருத்துவமனைகளில் மருத்துவச் சமூகப் பணியாளர் இடம் உண்டு. 2013ஆம் ஆண்டுக் கம்பெனிச் சட்டம், குறிப்பிட்ட அளவுக்கு மேற்பட்ட நிறுவனங்கள் மூன்று ஆண்டுச் சராசரி நிகர லாபத்தில் நூற்றுக்கு 2 பங்கைச் சமூகப் பொறுப்புக்குச் செலவிட வேண்டும் என்கிறது. சுண்ணாம்புக் கல்லும் சிமெண்ட் ஆலைகளும் நிறைந்த அரியலூர் மாவட்டத்தில் இதன் பொருள் என்ன என்று சொல்லத் தேவையில்லை. அந்தப் பணம் பெயர்ப்பலகைக்கும் பரிசுப் பைக்கும் போகாமல் குடிநீருக்கும் படிப்புக்கும் போய்ச் சேர, ஊரை அறிந்த, கணக்கு எழுதத் தெரிந்த, படித்த பிள்ளைகள் வேண்டும்.

பாதுகாப்பு நியாயமான கவலையே. சேரப்போகும் கல்லூரி அங்கீகாரம் பெற்றதா, களப்பணிக்கு ஆசிரியர் மேற்பார்வை உண்டா, இருட்டியபின் தனியே அனுப்புகிறார்களா என்று பெரியவர்கள் நேரில் போய்க் கேட்டுத் தெரிந்துகொள்ளலாம். கேட்பதில் வெட்கம் இல்லை. வேலைக்குச் சேரும் போதும் நிறுவனம் பதிவு பெற்றதா, ஆண்டுக் கணக்கு தணிக்கை செய்யப்படுகிறதா என்று பார்க்க வேண்டும். தொண்டின் பெயரால் ஏமாற்றுபவர்களும் இருக்கிறார்கள். நல்ல பெயரைக் கேட்டு மயங்கக் கூடாது என்பதை வங்கியில் நான் கற்றுக்கொண்டேன்.

இன்னொன்றும் உண்டு. பிறர் துயரை நாள் முழுதும் கேட்டுவிட்டு வரும் பிள்ளைக்கு, வீட்டில் அதை இறக்கி வைக்க ஓர் இடம் வேண்டும். ‘அன்றே சொன்னேனே’ என்று ஆரம்பிக்காமல், சாப்பாடு போட்டுக் கேட்டுக்கொள்ளும் பாட்டி அமைந்தால் அதைவிடப் பெரிய பலம் இல்லை.

மூன்றாவது கேள்விக்கு நான் வாய் திறப்பதற்குள் நண்பரே பதில் சொன்னார். அதுவரை அவர் ஒன்றும் பேசவில்லை. “நீ இத்தனை நேரம் கேட்ட 32 அறத்தில் கன்னிகாதானமும் ஒன்றுதான். அதை நாம் செய்வோம். மற்ற முப்பத்தொன்றையும் அவள் பார்த்துக்கொள்ளட்டுமே” என்றார்.

பாட்டியார் சிரிக்கவில்லை. எழுந்து போய் நந்திக்கு அர்ச்சனைச் சீட்டு வாங்கினார். பேத்தியின் நட்சத்திரத்தைச் சொன்னார். திருமணத்திற்கு என்று வேண்டினாரா, படிப்புக்கு என்று வேண்டினாரா, நான் கேட்கவில்லை.

சிறுவாச்சூரில் ஒரு வெள்ளிக்கிழமை

பேத்தி படிப்பில் சேர்ந்துவிட்டாள். தாத்தா நேரில் போய்க் கல்லூரியைப் பார்த்து, பாட்டியாரின் கேள்விகளையெல்லாம் கேட்டுவிட்டு வந்த பிறகே கட்டணம் கட்டினார்கள்.

சில மாதங்கள் கழித்துச் சிறுவாச்சூர் மதுரகாளியம்மன் சந்நிதியில் அந்தக் குடும்பத்தைக் கண்டேன். வெள்ளிக்கிழமை ஆதலால் நல்ல கூட்டம். பாட்டியார் தம்மைவிட வயதான ஓர் அம்மாளின் கையைப் பிடித்து அழைத்துக்கொண்டு வந்தார். நிலத்தையெல்லாம் மகன் பெயருக்கு எழுதிக்கொடுத்துவிட்டு, இப்போது கோயில் அன்னதானத்தை நம்பி இருப்பவராம் அவர்.

“இவளுக்கு என்ன வழி என்று நீதான் சொல்ல வேண்டும்” என்று பேத்தியின் முன் அவரை உட்கார வைத்தார்.

அந்தப் பெண் உடனே எதையும் சொல்லவில்லை. முதலில் அம்மாளுக்குத் தண்ணீர் வாங்கிக் கொடுத்தாள். முழுவதும் பேசவிட்டுக் கேட்டாள். பிறகு மெல்ல விளக்கினாள். பெற்றோர், முதியோர் பராமரிப்புக்கென்று 2007ஆம் ஆண்டே சட்டம் வந்திருக்கிறது. கோட்டாட்சியரிடம் மனுக் கொடுக்கலாம். வக்கீல் வைக்க வேண்டியதில்லை. முதியோர் உதவிக்கென்று 14567 என்ற கட்டணமில்லாத் தொலைபேசி எண் இருக்கிறது. “மனு கொடுப்பதற்கு முன்னால் உங்கள் மகனோடு ஒருமுறை பேசிப் பார்க்கலாமா பாட்டி? நீங்கள் சரி என்றால் மட்டும்” என்றும் கேட்டாள்.

அந்த அம்மாள் வெகுநேரம் யோசித்துத் தலையசைத்தார்.

பாட்டியார் என் பக்கம் திரும்பி, “அண்ணா, பிறர் துயர் காத்தல் என்று ஒன்று சொன்னீர்களே, அது எத்தனையாவது அறம்?” என்று கேட்டார்.

எனக்கு வரிசை நினைவில்லை. எத்தனையாவது ஆனால் என்ன அம்மா, என்றேன்.